தனியார் கல்லூரி ஆசிரியருக்குத் தொழில் நியாய சபை எவ்வளவு பயன்படும்? திருகோணமலையிலிருந்து ஒரு மதிப்புரை

திருகோணமலையைப் பற்றி இணையத்தில் வரும் மதிப்புரைகளில் பெரும்பாலானவை நிலாவெளி, உப்புவெளிக் கடற்கரை விடுதிகளைப் பற்றியவை. அறை சுத்தமா, மீன் புதியதா, கடல் எவ்வளவு கிட்ட என்பதெல்லாம் அவற்றில் விவரமாகக் கிடைக்கும். இதே ஊரில் வேலை பறிபோன ஒரு தனியார் கல்லூரி ஆசிரியர் எங்கே போவது, போனால் என்ன கிடைக்கும், அது கிடைக்க எவ்வளவு காலம் செல்லும் என்று எவரும் எழுதியதாகக் காணோம். ஒரு சக ஆசிரியைக்காக மனு எழுதிய நாள் முதல் முடிவு வரை கூடவே இருந்து பார்த்தவன் என்ற முறையில், வேலையிலிருந்து நிறுத்தப்பட்டவர் நிவாரணம் கேட்டுப் போகும் தொழில் நியாய சபையை ஒரு பொதுச் சேவையாக எடுத்துக்கொண்டு இதை எழுதுகிறேன். என் தீர்ப்பை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். சட்டம் தாராளமானது, வாசல் அகலமானது, ஆனால் ஆசிரியத் தொழிலின் காலக் கணக்கும் வழக்கின் காலக் கணக்கும் ஒத்துப்போவதில்லை. அதைத் தெரிந்துகொண்டு உள்ளே போகிறவருக்கு இந்தச் சேவை பலன் தரும். தெரியாமல் போகிறவருக்கு வென்ற பிறகும் ஏமாற்றமே மிஞ்சக்கூடும்.

முதலில் இது யாருக்கான சேவை என்பது தெளிவாக வேண்டும். இச்சபைக்கு அதிகாரம் தரும் 1950ஆம் ஆண்டின் 43ஆம் இலக்கக் கைத்தொழில் பிணக்குகள் சட்டத்தின் 49ஆம் பிரிவு, தொழில்தருநர் என்ற நிலையில் அரசாங்கத்தைச் சட்டத்துக்கு வெளியே நிறுத்துகிறது. ஆகவே அரசாங்கப் பாடசாலை ஆசிரியரோ, தேசிய கல்வியியற் கல்லூரி விரிவுரையாளரோ, அரச தொழில்நுட்பக் கல்லூரிப் போதனாசிரியரோ இங்கே மனுக் கொடுத்துப் பயனில்லை. மாகாண சேவையில் இருப்பவர் மாகாணப் பொதுச் சேவை ஆணைக்குழுவையும், தேவைப்பட்டால் எழுத்தாணை கோரி மாகாண மேல் நீதிமன்றத்தையும் நாட வேண்டும். மத்திய அரசின் சேவையில் இருப்பவருக்குப் பொதுச் சேவை ஆணைக்குழுவும், 2002ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சட்டத்தால் அமைந்த நிர்வாக மேன்முறையீட்டு நியாய சபையும் இருக்கின்றன. கோணேசபுரியில் இருக்கும் கிழக்குப் பல்கலைக்கழகத் திருகோணமலை வளாகத்தின் விரிவுரையாளர்களுக்கு 1978ஆம் ஆண்டின் பல்கலைக்கழகங்கள் சட்டம் தனியாக ஒரு மேன்முறையீட்டுச் சபையை வைத்திருக்கிறது. இவர்களுடைய வழக்குகள் வேறு கதை. தனியார் கல்லூரி, சர்வதேசப் பாடசாலை, கணக்கியலும் ஆங்கிலமும் கணினியும் கற்பிக்கும் உயர்கல்வி நிலையம் ஆகியவற்றில் சம்பளத்துக்குக் கற்பிப்பவர்களைப் பற்றியே இனிப் பேசுகிறேன்.

இச்சேவையின் மிகப் பெரிய பலம், அது ஆசிரியரை ஆசிரியர் என்பதற்காகத் திருப்பி அனுப்புவதில்லை என்பதுதான். இதை ஏன் அழுத்திச் சொல்கிறேன் என்றால், தமிழ்நாட்டுச் சட்டத்தரணிகளின் யூடியூப் காணொளிகளைப் பார்த்துவிட்டு, "ஆசிரியர் தொழிலாளி இல்லையாம், கேஸ் போட ஏலாதாம்" என்று மனம் உடைந்து போன இருவரை எனக்குத் தெரியும். அந்தக் காணொளிகள் சொல்வது பொய்யில்லை. அது இந்தியச் சட்டம். இந்திய உச்ச நீதிமன்றம் 1978இல் பெங்களூர் நீர் வழங்கல் சபை வழக்கில் கல்வி நிறுவனமும் ஒரு தொழில்துறையே என்று தீர்த்தது. ஆனாலும் 1988இல் கோவாவைச் சேர்ந்த சுந்தராம்பாள் வழக்கில், பள்ளிக்கூடம் தொழில்துறையாக இருக்கலாம், அதில் கற்பிக்கும் ஆசிரியர் அந்நாட்டில் அப்போதிருந்த 1947ஆம் ஆண்டுச் சட்டம் கூறிய தொழிலாளி அல்லர் என்று கூறிவிட்டது. கற்பித்தல் உன்னதமான பணி என்ற புகழுரையோடுதான் அந்த வாசல் சாத்தப்பட்டது. சேவை முடிவில் கொடுக்கும் பணிக்கொடையிலும் அங்கே இதே இழுபறி நடந்தது. 2004இல் ஆசிரியர் ஊழியர் அல்லர் என்று தீர்ப்பு வந்தது. 2009இல் நாடாளுமன்றம் சட்டத்தைத் திருத்தி 1997 ஏப்ரல் 3ஆம் திகதி முதல் செல்லுபடியாக்கியது. அத்திருத்தம் செல்லும் என்று உச்ச நீதிமன்றம் சொல்வதற்கு 2022 ஆகிவிட்டது. தமிழ்நாட்டுத் தனியார் கல்லூரி ஆசிரியருக்கு 1976ஆம் ஆண்டின் தனியார் கல்லூரிகள் ஒழுங்குமுறைச் சட்டம் என்று ஒரு தனி வழி இருப்பதற்கும் இந்தப் பின்னணியில்தான் பொருள் இருக்கிறது.

இலங்கையில் நிலைமை வேறு. நமது சட்டத்தின் 48ஆம் பிரிவு, எந்தத் தகைமையிலேனும் ஒரு தொழில்தருநருடன் ஒப்பந்தம் செய்து வேலை செய்பவர் எவரும் வேலையாள் என்கிறது. ஒப்பந்தம் எழுத்தில் இருக்கலாம், வாய்ப்பேச்சாக இருக்கலாம், நடத்தையிலிருந்து ஊகிக்கக்கூடியதாகவும் இருக்கலாம். கைவேலை, எழுத்து வேலை, மேற்பார்வை வேலை என்ற பாகுபாடு அந்த வரைவிலக்கணத்தில் இல்லை. பண்டிதராக இருந்தாலும் கலாநிதியாக இருந்தாலும் சம்பளத்துக்கு வேலை செய்தால் வேலையாளே. சில ஆசிரியர்களுக்கு இந்தச் சொல் கூச்சமாக இருக்கிறது. அந்தக் கூச்சத்தால் ஆறு மாதத்தைக் கடத்திவிட்டு வருகிறார்கள். கூச்சத்துக்கு விலை அதிகம்.

இரண்டாவது பலம், நியாய சபை ஒப்பந்தத் தாளோடு நின்றுவிடுவதில்லை. நீதியும் ஒப்புரவும் உள்ளதாகத் தோன்றும் கட்டளையைப் பிறப்பிப்பது அதன் கடமை. ஒப்பந்தத்தில் மாறாக என்ன எழுதியிருந்தாலும் நிவாரணம் வழங்கலாம் என்று சட்டம் வெளிப்படையாகவே சொல்கிறது. தனியார் கல்லூரிகளின் நியமனக் கடிதங்களை வாசித்தவர்களுக்கு இதன் அருமை புரியும். எங்கள் ஆசிரியை வேலை பார்த்த நிறுவனத்தின் பெயரை இங்கே சொல்லப்போவதில்லை. அதன் பழக்கத்தை மட்டும் சொல்கிறேன். அங்கே எல்லாருக்கும் 11 மாத ஒப்பந்தம். முடிந்ததும் சில நாள் இடைவெளி. பிறகு அதே பாடம், அதே வகுப்பறை, அதே நேரசூசி, புதிய கடிதம். கடிதத்தின் தலைப்பில் 'வருகைதரு விரிவுரையாளர்'. சம்பளச் சீட்டில் 'மணித்தியாலக் கொடுப்பனவு'. ஆனால் காலை எட்டு மணிக்குக் கைவிரல் பதிவு, பரீட்சை மேற்பார்வை, மாணவர் சேர்க்கைக் காலத்தில் மூதூருக்கும் கிண்ணியாவுக்கும் போய்த் துண்டுப்பிரசுரம் கொடுத்தல், பட்டமளிப்பு மேடைக்குப் பூச்சட்டி ஒழுங்கு செய்தல் எல்லாம் அந்த 'வருகைதரு' விரிவுரையாளரின் வேலைதான். இப்படிப் பல ஆண்டுகள் ஓடிய பிறகு ஒரு முறை புதிய கடிதம் வரவில்லை. "நாங்கள் நிறுத்தவில்லை, ஒப்பந்தம் முடிந்தது" என்றார்கள்.

தவணை குறித்த ஒப்பந்தம் தவணையோடு முடிவது பொதுவாகச் சேவை முடிவுறுத்தல் ஆகாது என்பதை மறைத்து எழுதுவது நேர்மையல்ல. திரும்பத் திரும்பப் புதுப்பித்த ஒப்பந்தங்களுக்குப் பின்னால் உண்மையில் நிரந்தரமான ஒரு வேலை இருந்ததா, புதுப்பிக்கப்படும் என்ற நியாயமான எதிர்பார்ப்பைத் தொழில்தருநரே உண்டாக்கினாரா, ஆசிரியர் நிறுவனத்தின் அன்றாட இயக்கத்தோடு பிணைந்திருந்தாரா என்றெல்லாம் நியாய சபை பார்க்கும். பார்க்கும்படி செய்வது மனுதாரரின் பொறுப்பு. எழுத்தில் உள்ள பெயரை மட்டும் நம்பி வந்த நிறுவனம் இந்த இடத்தில்தான் தடுமாறுகிறது. மாதத்தில் இரண்டு மூன்று மணித்தியாலம் மட்டும் வந்து விரிவுரை செய்துவிட்டுப் போகிறவருக்கு இதே வாதம் எடுபடும் என்று நான் உறுதி கூறமாட்டேன்.

இனிக் குறைகளுக்கு வருகிறேன். முதற் குறை ஒரு பொறி போன்றது. சேவை முடிவுற்ற நாளிலிருந்து 6 மாதத்துக்குள் நியாய சபைக்கு மனு போய்ச் சேர வேண்டும். ஆனால் பாதிக்கப்பட்ட ஆசிரியர் வழக்கமாக முதலில் செய்வது தொழில் திணைக்களத்துக்குப் போய் முறைப்பாடு கொடுப்பது. அங்கே இரு தரப்பையும் அழைத்துப் பேசுவார்கள். நிறுவனத்தின் பிரதிநிதி ஒரு நாள் வருவார், ஒரு நாள் "கொழும்பு தலைமையகத்தைக் கேட்க வேண்டும்" என்பார், ஒரு நாள் வரமாட்டார். ஆசிரியரோ வழக்கு நடந்துகொண்டிருக்கிறது என்று நினைத்துக்கொண்டிருப்பார். அந்தப் பேச்சுவார்த்தை நடப்பதால் நியாய சபையின் 6 மாதக் கணக்கு நின்றுவிடும் என்று எண்ணியிருக்கவே கூடாது. அடிப்படை உரிமை மீறலில் ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவிடம் போனால், அங்கே விசாரணை நிலுவையில் இருக்கும் காலத்தை உயர் நீதிமன்றத்துக்கான ஒரு மாதக் கணக்கில் சேர்க்க வேண்டியதில்லை என்று 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டம் சொல்கிறது. அதைக் கேள்விப்பட்ட சிலர் தொழில் வழக்குக்கும் அப்படித்தான் என்று கருதிவிடுகிறார்கள். சமரசத்துக்கு முயல்வது நல்லதே. ஆனால் நாட்காட்டியில் ஐந்தாவது மாதத்தைச் சிவப்பு மையால் வட்டமிட்டு வைத்துக்கொண்டு முயல வேண்டும்.

இதோடு சேர்ந்த இன்னொரு கட்டுப்பாடு, ஒரே குறைக்கு இரண்டு வாசலில் ஏற முடியாது என்பது. வேறு சட்ட நிவாரணத்தை முதலில் நாடியவருக்கு நியாய சபையின் நிவாரணம் இல்லை. நியாய சபைக்கு வந்தவருக்கு மற்றது இல்லை. இந்தத் தேர்வை முதல் வாரத்திலேயே ஆலோசனை கேட்டுச் செய்ய வேண்டியிருக்கிறது. குறிப்பாக, 15 பேர் அல்லது அதற்கு மேற்பட்டோர் வேலை செய்யும் நிறுவனத்தில், ஒழுக்காற்றுக் காரணம் எதுவும் இல்லாமல், "மாணவர் சேர்க்கை குறைந்துவிட்டது", "அந்தப் பாடநெறியை நிறுத்திவிட்டோம்" என்று சொல்லி அனுப்பியிருந்தால், நியாய சபையை விட நல்ல வழி ஒன்று இருக்கக்கூடும். 1971ஆம் ஆண்டின் 45ஆம் இலக்க வேலையாட்களின் தொழில் முடிவுறுத்தல் சட்டத்தின்படி, அவ்வாறு நிறுத்துவதற்கு ஊழியரின் எழுத்துமூலச் சம்மதம் வேண்டும், அல்லது தொழில் ஆணையாளரின் முன் அனுமதி வேண்டும். இரண்டும் இல்லாத நிறுத்தம் செல்லாது. முந்திய 12 மாதத்தில் 180 நாளுக்குக் குறையாமல் வேலை செய்திருக்க வேண்டும் என்பது நிபந்தனை. அதே சட்டத்தில் ஆசிரியர்கள் அதிகம் அறியாத ஒரு வரியும் உண்டு: ஒழுக்காற்று நடவடிக்கையாக நிறுத்தினால், நிறுத்திய பின் இரண்டாவது வேலை நாள் முடிவதற்குள் காரணத்தை எழுத்தில் கொடுக்க வேண்டும். கடிதம் தராமல் வாயிற்காவலரிடம் சொல்லி உள்ளே விடாமல் செய்யும் நிர்வாகங்களுக்கு இந்த வரி பின்னர் பெருந்தலைவலியாகிறது.

மனுவைத் தாக்கல் செய்யப் பெரிய செலவில்லை. சட்டத்தரணி இல்லாமல் தானே தோன்றலாம். தொழிற்சங்கப் பிரதிநிதியும் பேசலாம். சான்றுக் கட்டளைச் சட்டத்தின் விதிகள் நியாய சபையைக் கட்டுப்படுத்துவதில்லை என்பதால், ஒரு சாதாரண மனிதர் தன் வாயால் தன் கதையைச் சொல்ல இடம் இருக்கிறது. அரசாங்க ஆசிரியருக்கு ஒன்றுக்கு நான்கு சங்கங்கள் இருக்கின்றன. தனியார் கல்லூரி ஆசிரியருக்கு இந்த மாவட்டத்தில் துணைக்கு வரச் சங்கம் கிடைப்பது அரிது. ஆகவே நடைமுறையில் சட்டத்தரணி வைக்க வேண்டியிருக்கும். ஒவ்வொரு தவணைக்கும் அவருக்குக் கொடுக்க வேண்டியிருக்கும். வருமானம் குறைந்தவர் சட்ட உதவி ஆணைக்குழுவைக் கேட்டுப் பார்க்கலாம். வேலை போன ஒருவர் வருமானம் குறைந்தவர் என்பதை நிரூபிக்கச் சிரமப்படமாட்டார்.

தொழில் நியாய சபைகள் 1957ஆம் ஆண்டுத் திருத்தத்தால் வந்தவை. அவை நீதிமன்றமா இல்லையா என்ற பழைய வாதத்தில் நம் கிழக்குக்கும் ஒரு பங்குண்டு. நியாய சபைத் தலைவர் நீதிச் சேவை ஆணைக்குழுவால் நியமிக்கப்பட்டிருக்க வேண்டுமா என்ற கேள்வியை அப்போது இலங்கைக்கு இறுதி மேன்முறையீட்டு மன்றாக இருந்த இலண்டன் பிரிவுக் கோமறை மன்று 1967இல் தீர்த்தது. தேவையில்லை என்பதே முடிவு. அந்த வழக்கில் எதிர்த்தரப்பில் நின்றது கிழக்கு மாகாண விவசாயக் கூட்டுறவுச் சங்கத்தின் தலைவராக இருந்த கே. டபிள்யூ. தேவநாயகம், பின்னாளில் நீதி அமைச்சராக இருந்தவர் அவரேதான். இந்தப் பழங்கதை இன்றைய மனுதாரருக்கு எதற்கு என்று கேட்கலாம். நீதிமன்றத்தின் இறுக்கமும் பஞ்சாயத்தின் இளக்கமும் கலந்த ஒரு தொனி இன்றும் இந்த விசாரணைகளில் இருக்கிறது. உள்ளே போகிறவர் அதை எதிர்பார்த்துப் போவது நல்லது.

விசாரணை யார் கையில் தொடங்குகிறது என்பதைப் பொறுத்தே பாதி வழக்கு அமைகிறது. நிறுத்தியதை நிறுவனம் ஒப்புக்கொண்டால், நிறுத்தியது நியாயம் என்பதை அதுவே முதலில் சாட்சி வைத்து நிரூபிக்க வேண்டும். "நிறுத்தவே இல்லை" என்று மறுத்தால், நிறுத்தப்பட்டதை ஆசிரியர் முதலில் நிரூபிக்க வேண்டும். எங்கள் வழக்கில் நிறுவனம் மறுத்தது. ஆகவே ஆசிரியை முதலில் கூண்டில் ஏறினார். நியமனக் கடிதங்கள், வங்கிக் கூற்றுகள், நேரசூசிகள், துறைத் தலைவர் வாட்ஸ்அப் குழுவில் போட்ட கட்டளைகளின் அச்சுப் பிரதிகள், பரீட்சை மேற்பார்வைப் பட்டியல்கள் என்று ஒரு கோப்பு. அவற்றில் அதிகம் பேசியது ஒரு சாதாரணத் தாள்: புதிய ஒப்பந்தம் தரமாட்டோம் என்று சொல்லப்பட்ட நாளுக்குப் பிந்திய மூன்று மாதத்துக்கான நேரசூசி, அதில் அவருடைய பெயர். ஒப்பந்தம் தவணையோடு தானாக முடிந்தது என்றால், முடிந்த பிறகுள்ள வகுப்புகளை அவர் பெயருக்கு எழுதியது ஏன் என்ற கேள்விக்கு நிர்வாகத்தரப்புச் சாட்சியிடம் பதில் இல்லை.

ஆசிரியரின் வழக்கில் மட்டும் வரும் ஒரு கஷ்டம் சாட்சிகளைப் பற்றியது. தொழிற்சாலையில் ஒருவருக்கு நடந்ததைப் பக்கத்து இயந்திரத்தில் நின்றவர் சொல்வார். வகுப்பறையில் நடந்ததைப் பார்த்தவர்கள் மாணவர்கள். அவர்களுடைய பெறுபேறு அதே நிர்வாகத்தின் கையில் இருக்கும்போது அவர்களைச் சாட்சிக்கு அழைப்பது முறையா? ஆசிரியை மறுத்துவிட்டார், சட்டத்தரணி வற்புறுத்தியும் மறுத்தார். சக விரிவுரையாளர்களும் 11 மாதக் கடிதத்தில் இருப்பவர்கள்; வீதியில் கண்டால் நலம் விசாரிப்பார்கள், அழைப்பாணை என்றால் ஒதுங்கிவிடுவார்கள். நிறுவனமோ மாணவர்களின் குரலை வேறு விதமாகக் கொண்டுவந்தது. 'கற்பித்தல் திருப்தியில்லை' என்று எழுதிய ஒரு கட்டுக் கருத்துப் படிவம் முன்வைக்கப்பட்டது. பெயர் இல்லை, திகதி இல்லை. பல தாள்களில் ஒரே கையெழுத்தின் சாயல் வெறுங்கண்ணுக்கே தெரிந்தது. "இதை எப்ப எடுத்தீங்கள்? ஆர் எடுத்தது?" என்று நியாய சபைத் தலைவர் கேட்டபோது சாட்சி கூரை விசிறியைப் பார்த்துக்கொண்டு நின்றார். சான்று விதிகள் கட்டுப்படுத்தாத இடம் என்பதால் அந்தப் படிவங்கள் உள்ளே வந்தன. அதே காரணத்தால் அவை எவ்வளவு பெறும் என்பதைத் தலைவரே நேரடியாகக் கேட்டு எடைபோடவும் முடிந்தது. இந்த நெகிழ்ச்சி இரு பக்கமும் வெட்டும்; அன்று அது ஆசிரியையின் பக்கம் நின்றது.

மொழி பற்றி நல்ல வார்த்தை சொல்ல வேண்டும். அரசியலமைப்பின் 24ஆம் உறுப்புரை, 1988இன் பதினாறாம் திருத்தத்துக்குப் பின் உள்ள வடிவில், வடக்கிலும் கிழக்கிலும் நீதிமன்ற மொழியைத் தமிழாக வைத்திருக்கிறது. தன்னைப் பற்றிய குற்றச்சாட்டைத் தன் மொழியில் கேட்டு, தன் மொழியில் பதில் சொல்லி, அது அப்படியே பதிவாவதைப் பார்ப்பது ஒரு ஆசிரியருக்குச் சின்ன விடயம் அல்ல. ஆனால் தனியார் கல்லூரிகளின் ஆவணங்கள் எல்லாம் ஆங்கிலத்தில் இருக்கும். கொழும்பிலிருந்து வரும் சட்டத்தரணி ஆங்கிலத்தில் பேச விரும்புவார். மொழிபெயர்ப்புக்காகத் தவணை போகும். மேல் நீதிமன்றத்தைத் தாண்டி உயர் நீதிமன்றம் போனால் தமிழ்ப் பதிவேடு முழுவதையும் ஆங்கிலத்துக்கு மாற்றும் செலவும் காலமும் வந்து சேரும். அந்தச் செலவு இருப்பதை மேன்முறையீட்டைப் பற்றி யோசிக்கும் நாளில் அல்லாமல் மனுப் போடும் நாளிலேயே மனதில் வைக்க வேண்டும்.

தாமதம் என்பது இந்நாட்டில் எந்த ஒரு தனி அலுவலகத்தின் குறையும் அல்ல. தலைவர் இடமாறினால் புதியவர் பதிவைப் படித்துத் தொடர வேண்டும், எதிர்த்தரப்புச் சட்டத்தரணிக்கு வேறு நீதிமன்றத்தில் வழக்கு, சாட்சிக்குச் சுகமில்லை, இப்படியே ஆண்டுகள் போகும். கந்தளாயிலிருந்தோ மூதூரிலிருந்தோ முதல் பஸ்ஸில் வந்து, வெளியில் நின்ற நிழலை ஊருக்குள் திரியும் மான்களோடு பங்குபோட்டுக்கொண்டு, பத்து மணிக்கு உள்ளே போய்ப் பத்து இருபதுக்கு அடுத்த தவணைத் திகதியோடு வெளியே வருகிறவர்களை எந்த வாரத்திலும் காணலாம். இது எல்லா வேலையாளுக்கும் பொதுவான துன்பம்தான். ஆசிரியருக்கு அது ஏன் கூடுதலாக வலிக்கிறது என்பதே இந்த மதிப்புரையின் மையம். சாரதி ஒருவருக்கு மூன்று ஆண்டு கழித்து மீளப் பணி வழங்கும்படி கட்டளை வந்தால், ஓட்ட ஒரு வாகனம் இருக்கும். கல்லூரி ஆசிரியருக்கு அதே கட்டளை வரும்போது அவருடைய பாடநெறி மாறியிருக்கும், அல்லது நிறுத்தப்பட்டிருக்கும். பாடத்திட்டம் இரண்டு முறை திருத்தப்பட்டிருக்கும். அவருடைய மாணவர்கள் எல்லாரும் படித்து முடித்துப் போயிருப்பார்கள். அவருடைய இடத்தில் இன்னொரு இளையவர், அவரும் 11 மாதக் கடிதத்தோடு, நின்றுகொண்டிருப்பார். இடையில் வீட்டில் டியூஷன் வகுப்பு நடத்திப் பிழைத்திருந்தால், "வருமானம் இருந்ததுதானே" என்று குறுக்கு விசாரணையில் அதுவும் எதிராக வரும்.

ஆகவே எங்கள் வழக்கில் கோரிக்கையின் எடையை மீளப் பணியிலிருந்து நட்டஈட்டுக்கு மாற்றினோம். மீளப் பணியில் அமர்த்துவதற்குப் பதிலாக நட்டஈடு வழங்க நியாய சபைக்கு அதிகாரம் உண்டு. எவ்வளவு என்பதை மனம்போன போக்கில் தீர்மானிக்கக் கூடாது, இழப்பைக் கணக்கிட்டுக் காரணம் காட்டித் தீர்மானிக்க வேண்டும் என்று உயர் நீதிமன்றம் 1995இல் ஜயசூரிய எதிர் அரச பெருந்தோட்டக் கூட்டுத்தாபனம் என்ற வழக்கில் வழிகாட்டியிருக்கிறது. இந்தத் தீர்ப்பைத் தனியார் கல்லூரி ஆசிரியர்கள் போதிய அளவு பயன்படுத்துவதில்லை என்பது என் எண்ணம். கடைசிச் சம்பளத்தை மாதங்களால் பெருக்கி ஒரு தொகை கேட்பதோடு நின்றுவிடுகிறார்கள். புதிய வேலை தேடிய விண்ணப்பங்கள், கிடைத்த மறுப்புக் கடிதங்கள், வயது, அந்தப் பாடத்துக்கு இம்மாவட்டத்தில் உள்ள நிறுவனங்கள் எத்தனை, வேறு ஊருக்குப் போனால் வீட்டுக்கு ஆகும் செலவு, இழந்த சேமலாப நிதிப் பங்களிப்பு என்று ஒவ்வொன்றையும் தாளில் வைத்தால், தொகைக்குக் காரணம் எழுத வேண்டிய தலைவருக்கு அந்தக் காரணம் கையிலேயே கிடைக்கிறது. இந்த வேலையை வழக்குப் போட்ட நாளிலிருந்து செய்துகொண்டே வர வேண்டும். கடைசித் தவணையில் தேடினால் கிடைக்காது.

மேன்முறையீட்டைச் சுருக்கமாகச் சொல்லலாம். கட்டளையில் சட்டப் பிழை இருந்தால் 30 நாளுக்குள் மாகாண மேல் நீதிமன்றத்துக்குப் போகலாம்; திருகோணமலையில் அது உள்ளூரிலேயே இருக்கிறது என்பது ஒரு வசதி. அதற்கு மேல் அனுமதி பெற்று உயர் நீதிமன்றம். மேன்முறையீடு செய்யும் தொழில்தருநர் பிணைப் பணம் கட்ட வேண்டும் என்ற ஏற்பாடு, வெறுமனே இழுத்தடிக்கப் போகிறவர்களைச் சற்று யோசிக்க வைக்கிறது. கட்டளைக்கு இணங்காமல் இருப்பது குற்றம். நீதவான் நீதிமன்றத்தில் வழக்குத் தொடரலாம்.

எல்லாக் கோரிக்கைக்கும் நியாய சபை தேவையும் இல்லை. ஐந்து ஆண்டு சேவை நிறைந்தவருக்கு, 15 பேர் அல்லது கூடுதலாக வேலை செய்யும் நிறுவனத்தில், ஆண்டு ஒன்றுக்கு அரை மாதச் சம்பளம் வீதம் பணிக்கொடை 1983ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கச் சட்டப்படி உரித்தாகும். சேவை முடிந்து 30 நாளுக்குள் கொடுக்க வேண்டும். பிந்தினால் மேலதிகக் கட்டணம் ஏறும். அதற்குத் தொழில் திணைக்களத்திலேயே முறையிடலாம். அதைவிடக் குறைவான ஊழியர் உள்ள சிறிய நிலையம் என்றால் பணிக்கொடைக்கும் நியாய சபையைத்தான் கேட்க வேண்டும். ஊழியர் சேமலாப நிதிக்கு நிறுவனம் 12 சதவீதம், ஊழியர் 8 சதவீதம். ஊழியர் நம்பிக்கை நிதியத்துக்கு நிறுவனம் 3 சதவீதம். 'வருகைதரு' என்ற சொல்லின் பின்னால் பல நிறுவனங்கள் ஒளிந்துகொள்வது இந்த 15 சதவீதத்தை மிச்சம் பிடிக்கத்தான் என்று நான் நினைக்கிறேன். தொழில் உத்தியோகத்தரிடம் சம்பளச் சீட்டுகளோடு போனால் இந்தப் பகுதி ஒப்பீட்டளவில் விரைவாக நகர்கிறது. வேலையில் இருக்கும்போதே முறையிடலாம் என்பதையும் பலர் அறிவதில்லை.

எங்கள் வழக்கு கட்டளை வரை போகவில்லை. நிர்வாகத்தரப்புச் சாட்சியின் குறுக்கு விசாரணை முடிந்த பிறகு, இரு தரப்பும் ஒரு தொகைக்கு இணங்கும் வாய்ப்பு இருக்கிறதா என்று தலைவர் கேட்டார். அடுத்த தவணையில் நிறுவனத்தின் சட்டத்தரணி ஒரு தொகையோடு வந்தார். ஆசிரியை அதை இரண்டு முறை மறுத்து மூன்றாவது தொகைக்குச் சம்மதித்தார். பணம் இரண்டு காசோலைகளாக வந்தது. தொகையை விட அவர் அதிகம் வாதாடியது சேவைச் சான்றிதழின் வாசகத்துக்காக: முதல் நியமனத் திகதியிலிருந்து இடைவெளி இன்றிக் கணக்கியல் விரிவுரையாளராகப் பணியாற்றினார் என்று எழுத வேண்டும், 'வருகைதரு' என்ற சொல் இருக்கக் கூடாது. நிறுவனத்தின் சட்டத்தரணி வெளியே போய்த் தொலைபேசியில் பேசிவிட்டு வந்து ஒப்புக்கொண்டார். அந்த வாசகமும் இணக்கத்தின் நிபந்தனையாகப் பதிவேட்டில் எழுதப்பட்டது. சேமலாப நிதி நிலுவை அந்த இணக்கத்தில் சேர்க்கப்படவில்லை. சேர்த்து விட்டுக்கொடுக்கும்படி கேட்டார்கள், சட்டத்தரணி இடங்கொடுக்கவில்லை. அது தொழில் திணைக்களத்தின் வழியாகத் தனியாக நடந்துகொண்டிருக்கிறது. சான்றிதழில் உள்ள அந்தத் திகதிகளே இப்போது அதற்கு முதல் ஆவணம்.